ஃப்ரிட்ஜின் முதுகுச் சூடு எங்கிருந்து வருகிறது?

சித்திரை பிறந்ததும் எங்கள் நெல்லைப் பக்கம் வீட்டுக்கு வீடு கேட்கிற கேள்வி ஒன்று உண்டு. "அண்ணாச்சி, ஃப்ரிட்ஜ் பக்கவாட்டுல கை வச்சா சுடுது. உள்ள ஐஸ் நல்லாத்தான் கட்டுது. வெளிய இப்படிச் சுட்டா ஏதும் கோளாறா? கரண்டு கிரண்டு கசியுதோ?" புதிதாக வாங்கியவர்கள்தான் அதிகம் பயப்படுகிறார்கள். இருபது வருஷம் ஓடிய பழைய பெட்டி பக்கவாட்டில் சுட்டதே இல்லை, புதுசு சுடுகிறது என்றால் சந்தேகம் வரத்தானே செய்யும்?

ஒரு வரியில் பதில் வேண்டுமென்றால் இதுதான்: உள்ளே இருந்த சூடு வெளியே வருகிறது, கூடவே கம்ப்ரசர் தின்ற மின்சாரமும் சூடாகிச் சேர்ந்து வருகிறது. உள்ளே நன்றாகக் குளிர்ந்து வெளியே சுட்டால் பெட்டி ஒழுங்காக ஓடுகிறது என்று அர்த்தம். அவசரத்தில் இருப்பவர்கள் இதோடு எழுந்து போகலாம்.

உட்காருகிறவர்களுக்கு ஒரு பழைய கதை இருக்கிறது. குளிர்ச்சி என்று தனியாக ஒரு பொருள் கிடையாது. ஓர் இடத்து வெப்பத்தை எடுத்து இன்னோர் இடத்தில் கொட்டுகிறோம். எடுத்த இடம் குளிர்கிறது, கொட்டிய இடம் சுடுகிறது. ஆகவே மனிதர்கள் தண்ணீரையும் உணவையும் குளிரவைத்த வரலாற்றைப் படிக்கும்போது, ஒவ்வொரு காலத்திலும் ஒரே கேள்வியைக் கேட்டுக்கொண்டு போகலாம்: வெப்பத்தை எங்கே கொட்டினார்கள்? அப்படிக் கேட்டுக்கொண்டே வந்தால் நம் சமையலறைப் பெட்டியின் பக்கவாட்டுச் சூடு வரைக்கும் பாதை நேராகவே இருக்கிறது.

பானை: காற்றில் கொட்டியது

சேரன்மகாதேவிக்குப் பக்கத்தில் இருக்கிறது காருகுறிச்சி. நாதஸ்வரம் கேட்பவர்களுக்கு அது அருணாசலத்தின் ஊர். சமையலறைக்காரர்களுக்கு மண்பாண்டத்தின் ஊர். குளத்து மண்ணோடு மணல் கலந்து மிதித்து, சக்கரத்தில் வனைந்து, சூளையில் சுட்டு எடுத்த தண்ணீர்ப் பானையின் உடம்பெல்லாம் கண்ணுக்குத் தெரியாத நுண்துளைகள். உள்ளே ஊற்றிய தண்ணீர் அந்தத் துளை வழியாக மெல்லக் கசிந்து வெளிப்பரப்புக்கு வரும். அங்கே காற்றுப் பட்டு ஆவியாகும். ஆவியாவதற்கு வெப்பம் வேண்டும். அந்த வெப்பத்தைப் பானையிலிருந்தும் உள்ளே இருக்கிற தண்ணீரிலிருந்தும் உருவிக்கொண்டு ஆவி பறந்துபோகிறது.

எவ்வளவு உருவுகிறது என்று ஒரு சின்னக் கணக்குப் போட்டுப் பார்க்கலாம். ஒரு லிட்டர் தண்ணீர் நம் ஊர் வெயிலில் ஆவியாகச் சுமார் 2,400 கிலோஜூல் வெப்பம் தேவை. பத்து லிட்டர் தண்ணீரை 34 டிகிரியிலிருந்து 26 டிகிரிக்கு இறக்க வேண்டுமானால் ஏறத்தாழ 335 கிலோஜூலை வெளியே எடுக்க வேண்டும். வகுத்துப் பாருங்கள், சுமார் 140 மில்லி லிட்டர் வருகிறது. வெளியிலிருந்து உள்ளே நுழைகிற வெப்பத்தைக் கணக்கில் சேர்க்காவிட்டால், ஒரு சின்ன டம்ளர் தண்ணீரைக் காற்றுக்குக் காணிக்கை கொடுத்தால் ஒரு குடம் தண்ணீர் எட்டு டிகிரி இறங்கிவிடும். இந்த 335 என்ற எண்ணைக் கொஞ்சம் ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பாஸ்டன் போகும்போது திரும்ப வரும்.

பானையின் திறமை ஊருக்கு ஊர் மாறும். காற்று எவ்வளவு காய்ந்திருக்கிறதோ அவ்வளவுக்கு ஆவியாதல் நடக்கும். வெயில் 38 டிகிரி, காற்றின் ஈரப்பதம் 30 சதவீதம் என்று வைத்துக்கொண்டால், பானைத் தண்ணீர் அதிகபட்சம் 24 டிகிரி வரை இறங்க இடமிருக்கிறது. கடற்கரைப் பக்கம் 34 டிகிரி வெயில், 70 சதவீத ஈரப்பதம் என்றால் 29 டிகிரிக்குக் கீழே என்ன செய்தாலும் இறங்காது. வெயில் குறைவு, ஆனால் தண்ணீர் சூடு! ஆற்றங்கரையோரம் திருநெல்வேலியிலிருந்து கிழக்கே திருச்செந்தூர் வரை போகிறவர்கள், ஒரே சூளைப் பானை ஊருக்கு ஒரு மாதிரி குளிர்வதை நாக்கிலேயே கண்டுபிடிக்கலாம். ஆனி, ஆடியில் மேற்குத் தொடர்ச்சி மலைக் கணவாய்கள் வழியாக இறங்கி, மழையை மலையிலேயே விட்டுவிட்டு, காய்ந்து அடிக்கிற மேகாத்து பானைக்கு ரொம்ப உதவி.

"பழைய பானை குளுராது" என்று பாட்டிமார் சொல்வதற்கும் காரணம் இதே துளைகள்தான். தண்ணீர் ஆவியாகும்போது அதிலிருந்த உப்பு துளையிலேயே தங்கிவிடும். உப்புத் தட்டிய போர் தண்ணீர் என்றால் இன்னும் சீக்கிரமாக அடைத்துவிடும். கசிவு நின்றால் குளிர்ச்சியும் நின்றது. அதனால்தான் கோடைக்குக் கோடை புதுப்பானை.

சரி, நம் கேள்விக்கு வருவோம். பானையில் வெப்பம் எங்கே போனது? காற்றில். ஆவியாகி, ஊர் தாண்டி, எங்கோ மேலே போய் மேகமாகும்போது அந்த வெப்பம் வானத்தில் அவிழும். பானைக்கும் கொட்டுகிற இடம் உண்டு, ஆனால் அது யார் முதுகிலும் படாத தூரத்தில் இருந்தது. பானையின் வெளிப்பக்கம் சில்லென்று இருப்பதன் ரகசியம் அதுதான். தண்ணீர்ப் பந்தல் வைத்துப் புண்ணியம் தேடியவர்கள் யாருக்கும் கரண்ட் பில் வரவில்லை.

வானத்தில் கொட்டியவர்கள்

பானைக்கு ஓர் எல்லை உண்டு. அது தண்ணீரைக் குளிரவைக்கும், உறையவைக்காது. வட இந்தியாவில் அந்த எல்லையையும் தாண்டினார்கள். குளிர்கால இரவுகளில், காற்று அசையாமல் வானம் தெளிவாக இருக்கும்போது, பள்ளம் தோண்டி வைக்கோலோ கரும்புச் சக்கையோ பரப்பி, அதன்மேல் தட்டையான மண்சட்டிகளில் தண்ணீர் ஊற்றி வைப்பார்கள். விடியும்போது சட்டியில் மெல்லிய ஐஸ் படிந்திருக்கும். அலகாபாத் பக்கம் நடந்த இந்தத் தொழிலைப் பற்றி ராபர்ட் பார்க்கர் என்ற ஆங்கிலேயர் எழுதிய குறிப்பு 1775இல் லண்டன் ராயல் சொசைட்டியின் இதழில் வந்தது. கொஞ்சம் வெப்பம் ஆவியாகவும், பெரும்பகுதி கதிர்வீச்சாகவும் இரவு வானத்துக்குப் போய்விட்டது. கீழே விரித்த வைக்கோல், மண்ணின் சூடு சட்டிக்கு ஏறாமல் தடுத்தது.

அக்பர் காலத்தில் வெடியுப்பைத் தண்ணீரில் கரைத்து, அந்தக் கரைசலில் குடிநீர்க் குடுவையைச் சுற்றிக் குளிரவைத்ததை 'அயினி அக்பரி' குறிப்பிடுகிறது. கரைகிற உப்பு சுற்றிலுமிருந்து வெப்பத்தை உறிஞ்சும்.

தெற்கே இந்த இரவு வித்தைக்கு வழியில்லை. மார்கழியிலும் நம் சமவெளி இரவு 20 டிகிரிக்குப் பக்கத்தில்தான் நிற்கும், காற்றிலும் ஈரம். தாமிரபரணிக் கரையில் வாழ்ந்த ஒருவர், மலைமேல் விழும் ஆலங்கட்டியைத் தவிர ஐஸ் என்ற ஒன்றைக் கண்ணால் பார்க்காமலே வாழ்ந்து முடிக்கலாம் என்பதுதான் நிலைமை.

ஐஸ் ஹவுஸ்: பாஸ்டன் குளிர்காலத்தில் கொட்டியது

சென்னை மெரினாவில் விவேகானந்தர் இல்லம் என்று இன்று நாம் பார்க்கிற வட்டமான கட்டடம் 1842இல் ஐஸ் கிடங்காகக் கட்டப்பட்டது. அந்த வட்டாரத்தை இன்றும் ஐஸ் ஹவுஸ் என்றுதான் சொல்கிறார்கள். ஐஸ் எங்கிருந்து வந்தது? அமெரிக்காவின் பாஸ்டன் பக்கத்துக் குளங்களிலிருந்து!

பிரெடரிக் டியூடர் என்ற பாஸ்டன் வியாபாரி 1806இல் கரீபியன் தீவான மார்டினிக்குக்கு முதன்முதலாக ஐஸ் கப்பல் அனுப்பினார். ஊரே சிரித்தது. பல வருஷம் நஷ்டம், கடன். விடாமல் முயன்று, 1833 மே மாதம் 'டஸ்கனி' என்ற கப்பலில் சுமார் 180 டன் ஐஸ் ஏற்றிக் கல்கத்தாவுக்கு அனுப்பினார். நாலு மாதப் பயணம், பூமத்திய ரேகையை இரண்டு தடவை தாண்ட வேண்டும். செப்டம்பரில் கப்பல் வந்து சேர்ந்தபோது சுமார் 100 டன் மிச்சமிருந்தது. ஐஸ் கட்டிகளை இடைவெளியில்லாமல் அடுக்கி, சுற்றிலும் மரத்தூள் அடைத்ததுதான் சூத்திரம். மரத்தூளுக்குள் சிக்கிய காற்று வெப்பத்தை எளிதில் கடத்தாது. மரம் அறுக்கும் பட்டறைகள் தூக்கியெறிந்த குப்பை ஒரு வியாபாரத்தையே காப்பாற்றியது. கல்கத்தாவைத் தொடர்ந்து பம்பாயிலும் மெட்ராஸிலும் கிடங்குகள் எழுந்தன.

ஹென்றி டேவிட் தோரோ தன் 'வால்டன்' நூலில் (1854), தான் குடிசை போட்டு வாழ்ந்த குளத்தில் ஐஸ் வெட்டும் கூட்டம் வந்ததை விவரித்து, அந்தத் தண்ணீரை மெட்ராஸ்காரர்களும் குடிக்கப்போவதை நினைத்து வியக்கிறார். மெட்ராஸில் அதைக் குடித்தவர்கள் பெரும்பாலும் வெள்ளைக்கார அதிகாரிகளும் வசதிபடைத்தவர்களும் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

இப்போது அந்த 335 என்ற எண். ஒரு கிலோ ஐஸ் உருகச் சுமார் 334 கிலோஜூல் வெப்பம் வேண்டும். அதாவது நாலு மாதம் கடல் தாண்டி, பாதி வழியில் கரைந்தது போக மிஞ்சி வந்த ஒரு கிலோ பாஸ்டன் ஐஸ் உருகும்போது இழுக்கிற வெப்பமும், காருகுறிச்சிப் பானை ஒரு டம்ளர் தண்ணீரை ஆவியாக்கி வெளியேற்றுகிற வெப்பமும் கிட்டத்தட்ட ஒன்று. பானையால் முடியாதது ஒன்றுதான்: பூஜ்ஜியம் டிகிரி. காசு கொடுத்தவர்கள் அந்தச் சில்லிப்புக்குத்தான் கொடுத்தார்கள்.

வெப்பத்தை இங்கே எங்கே கொட்டினார்கள்? இது கொஞ்சம் வேடிக்கையான ஏற்பாடு. ஜனவரியில் குளத்துத் தண்ணீர் உறைந்தபோதே, கிலோவுக்கு 334 கிலோஜூல் வீதம் மாசசூசெட்ஸ் மாநிலத்தின் குளிர்காற்றுக்குப் போய்விட்டது. அப்படிக் காலியான இடத்தை மரத்தூள் சுற்றிக் கப்பலில் ஏற்றி அனுப்பினார்கள். மெட்ராஸின் வெப்பம் அந்தக் காலி இடத்தில் வந்து நிரம்பியது. வெப்பம் கொட்டிய குப்பைமேடு பதினைந்தாயிரம் மைலுக்கு அந்தப் பக்கம். மெட்ராஸ் ஐஸ் பெட்டியின் வெளிச்சுவர் சுடவில்லை.

கமலையும் கம்ப்ரசரும்

இயந்திரம் வந்த பிறகுதான் வெப்பம் வீட்டுக்குள்ளேயே கொட்டத் தொடங்கியது. அதற்கு அடிப்படை பானையின் அதே தத்துவம்தான்: திரவம் ஆவியானால் குளிரும். ஸ்காட்லாந்தில் வில்லியம் கல்லன் என்ற மருத்துவப் பேராசிரியர், காற்றை உறிஞ்சி எடுத்த பாத்திரத்தில் ஈதரைக் கொதிக்கவைத்து, பக்கத்திலிருந்த தண்ணீரை உறையவைத்தார். அது பற்றிய கட்டுரை 1756இல் வெளியானது. ஆனால் ஆவியான ஈதர் போனது போனதுதான். பானைக்குத் தண்ணீர் ஊற்றுகிற மாதிரி விலை உயர்ந்த ஈதரை ஊற்றிக்கொண்டே இருக்க முடியாதே! ஆவியைப் பிடித்து, அழுத்தி, மறுபடி திரவமாக்கித் திரும்பப் பயன்படுத்தும் சுழற்சிக்கு 1834இல் லண்டனில் ஜேக்கப் பெர்க்கின்ஸ் காப்புரிமை வாங்கினார். 1850களில் ஆஸ்திரேலியாவின் ஜிலாங்கில் ஜேம்ஸ் ஹாரிசன் அதை ஐஸ் தொழிலாகவே ஆக்கினார். 1870களில் ஜெர்மனியின் கார்ல் வான் லிண்டே அம்மோனியா இயந்திரங்களைச் செய்தார்.

ஆவியை மறுபடி திரவமாக்கும் இந்த இடத்தில்தான் சூட்டின் கதை தொடங்குகிறது. ஆவியாகும்போது விழுங்கிய வெப்பத்தை, திரவமாகும்போது அது கக்கியே ஆக வேண்டும். எங்கே கக்கும்? தன்னைவிடச் சூடு குறைந்த இடத்தில்தான். வெப்பம் குளிர்ந்த இடத்திலிருந்து சூடான இடத்துக்குத் தானாகப் போகாது என்று 1850இல் ருடால்ஃப் கிளாசியஸ் எழுதிவைத்தார். வெப்ப இயக்கவியலின் இரண்டாம் விதி என்று பள்ளிக்கூடத்தில் படிக்கிறோமே, அது.

நம் ஊரில் இதைப் புரிந்துகொள்ள வேறு பாடப் புத்தகம் வேண்டாம். தாமிரபரணியில் எட்டு அணைக்கட்டுகள். அங்கிருந்து பிரிகிற கன்னடியன் கால்வாய், கோடகன் கால்வாய், பாளையங்கால்வாய் எல்லாவற்றிலும் தண்ணீர் தானாக ஓடி வயலுக்குப் போகிறது. மேட்டிலிருந்து பள்ளத்துக்கு ஓட யாரும் தள்ள வேண்டியதில்லை. ஆனால் ஆற்றுப் பாசனம் எட்டாத மேட்டுக்காட்டில்? கிணற்றுக்குள் இருக்கும் தண்ணீரை மேலே கொண்டுவரக் கமலை கட்டி, மாடு பூட்டி, கூனையில் இறைக்க வேண்டும்.

ஃப்ரிட்ஜ் ஒரு கமலை. கிணற்றடி என்பது ஃப்ரீஸர், சூடு குறைந்த பள்ளம். மேட்டு வாய்க்கால் என்பது நம் சமையலறை. கூனை என்பது குழாய்க்குள் சுற்றி வருகிற கேஸ். மாடுகள்தான் கம்ப்ரசர். கேஸ் உள்ளே போய்க் கொதித்து ஆவியாகிறது. அதாவது கூனை கிணற்றில் முங்கி நிரம்புகிறது. கம்ப்ரசர் அந்த ஆவியை அழுத்துகிறது. சைக்கிளுக்குக் காற்றடிக்கும்போது பம்பின் அடிப்பாகம் சுடுமே, அதுபோல அழுத்தப்பட்ட ஆவியின் சூடு ஏறும். சமையலறை 37 டிகிரி என்றால், கேஸ் அதைவிடப் பத்துப் பதினைந்து டிகிரி கூடுதலாக இருந்தால்தான் வெப்பம் சமையலறைக்குள் "இறங்கும்". வெளிக்குழாயில் வெப்பத்தைக் கொட்டிவிட்டுத் திரவமானதும், நுண்குழாய் வழியாக அழுத்தம் குறைந்து மறுபடி உள்ளே போகிறது. காலிக் கூனை கிணற்றுக்குள் இறங்குகிறது.

கமலைக்கும் இதற்கும் ஒரே ஒரு வித்தியாசம். மாட்டின் உழைப்பு வாய்க்காலில் தண்ணீராகச் சேராது. கம்ப்ரசரின் உழைப்போ வெப்பமாகி, கொட்டுகிற வெப்பத்தோடு சேர்ந்துவிடும். உதாரணத்துக்கு, கம்ப்ரசர் 100 வாட் மின்சாரம் எடுத்து உள்ளிருந்து 150 வாட் வெப்பத்தை இறைக்கிறது என்றால், வெளியே கொட்டுவது 250 வாட். உள்ளே எடுத்ததைவிட வெளியே கொட்டுவது எப்போதும் அதிகம்.

மெட்ராஸில் 1874இல் இன்டர்நேஷனல் ஐஸ் கம்பெனி தொடங்கி இயந்திர ஐஸ் வந்ததும், பாஸ்டன் கப்பல்களின் கதை முடிவுக்கு வந்தது. கிடங்கு கைமாறி, பிலிகிரி அய்யங்கார் என்ற வழக்கறிஞரின் வீடானது. 1897 பிப்ரவரியில் விவேகானந்தர் தங்கியது அந்த வீட்டில்தான். வெப்பம் கொட்டும் இடம் அமெரிக்காவிலிருந்து நம் ஊருக்கே வந்துவிட்டது.

பெரிய அளவில் அதைப் பார்க்க வேண்டுமென்றால் கடலோரத்து ஐஸ் கம்பெனிகளைப் பாருங்கள். 1986 வரை நெல்லை மாவட்டத்தோடு இருந்த தூத்துக்குடியில், மீன்பிடித் தொழில் நிற்பதே ஐஸ் பாரை நம்பித்தான். 30 டிகிரித் தண்ணீரை ஒரு டன் ஐஸாக்க, சுமார் 128 யூனிட் மின்சாரத்துக்குச் சமமான வெப்பத்தை வெளியேற்ற வேண்டும். அம்மோனியா ஓடும் குழாய்க் கட்டுகளின்மேல் தண்ணீர் கொட்டிக்கொண்டே இருப்பதை இத்தகைய கம்பெனிகளில் பார்க்கலாம். அந்தத் தண்ணீர் ஆவியாகி வெப்பத்தைக் காற்றுக்குக் கொண்டுபோகும். உள்ளே அம்மோனியா, வெளியே பார்த்தால் பழைய பானை வித்தை!

சூடு சுவருக்குள் ஒளிந்த கதை

வீட்டு ஃப்ரிட்ஜ் முதலில் தன் சூட்டை மறைக்கவில்லை. 1927இல் ஜெனரல் எலக்ட்ரிக் கம்பெனி அமெரிக்காவில் விற்ற 'மானிட்டர் டாப்' மாடலில், கம்ப்ரசரும் சூடான குழாய்ச் சுருளும் தொப்பி வைத்த மாதிரி பெட்டியின் உச்சியில் உட்கார்ந்திருந்தன. சூடான காற்று மேலே போகும் என்பதால் அது நியாயமான இடம்தான். பார்க்கத்தான் போர்க்கப்பல் பீரங்கி மேடை மாதிரி இருந்தது. பெயரும் அப்படி ஒரு கப்பலை வைத்து வந்ததுதான்.

1930வாக்கில் ஃப்ரியான் கேஸ் கண்டுபிடிக்கப்பட்டது. நஞ்சான சல்ஃபர் டை ஆக்ஸைடுக்கு மாற்றாகக் கொண்டாடப்பட்ட அது, மேலே போய் ஓசோன் படலத்தை அரிக்கிறது என்று 1974இல் விஞ்ஞானிகள் எச்சரித்தார்கள். 1987இல் மாண்ட்ரியல் ஒப்பந்தம் வந்து அது ஒதுக்கப்பட்டது. இன்றைய வீட்டு ஃப்ரிட்ஜ்கள் பலவற்றில் ஐசோபியூட்டேன் ஓடுகிறது.

நெல்லைக்கு மின்சாரம் வந்த வழியும் இந்தக் கதையில் சேரும். 1944இல் பாபநாசம் நீர்மின் நிலையம் ஓடத் தொடங்கியது. பொதிகையிலிருந்து இறங்குகிற தாமிரபரணி, விழுகிற வேகத்தில் டர்பைனைச் சுற்றியது. பள்ளத்துக்குத் தானாகப் பாயும் தண்ணீரின் பலத்தை எடுத்து, தானாக மேடேறாத வெப்பத்தை ஏற்றுவதற்கான வசதி அன்றே நம் ஆற்றங்கரைக்கு வந்துவிட்டது. பெட்டிதான் வரவில்லை. 1958இல் கோத்ரெஜ் இந்தியாவில் ஃப்ரிட்ஜ் செய்யத் தொடங்கிய பிறகும், நடுத்தர வீடுகளுக்கு அது வந்து சேரப் பல பத்தாண்டுகள் ஆயின.

அப்படி வந்த பெட்டிகளின் முதுகில் கறுப்பு நிறத்தில் ஒரு கம்பிவலை மாட்டியிருக்கும். அதுதான் கண்டன்சர். சூடெல்லாம் அதில்தான். சுவரைப் பார்த்து நிற்பதால் யாரும் தொடுவதில்லை. ஒட்டடையும் தூசியும் சேரும், வருஷத்துக்கு ஒருமுறை பொங்கலுக்கு வெள்ளையடிக்கும்போது துடைப்போம். பக்கவாட்டில் சுடவில்லை என்பதால் அந்தப் பெட்டி சுடவேயில்லை என்று நினைத்துக்கொண்டோம்.

இப்போது பல மாடல்களில் முதுகு வழவழப்பாக இருக்கிறது. கம்பிவலை எங்கே போனது? பக்கவாட்டுத் தகட்டின் உட்புறம் ஒட்டிக்கொண்டு ஓடுகிறது. அந்தத் தகடே இப்போது கண்டன்சர். தூசி அடையாது, குழாய் அடிபடாது, சுவர் ஓரமாக வைக்கலாம், பார்க்கவும் லட்சணம். தகட்டுக்கும் உள் அறைக்கும் நடுவில் பாலியூரித்தேன் நுரை இருக்கிறது, டியூடரின் மரத்தூள் வேலையைச் செய்துகொண்டு. இரண்டு பக்கமும் மிதமாகச் சுடுவதற்குக் காரணம் இதுதான். ஐஸ்கிரீம் கடைகளில் இருக்கும் படுக்கை ஃப்ரீஸர் பலவற்றில் சுற்றுச்சுவர் எல்லாமே சுடும்.

இன்னொரு இடமும் சுடும்: ஃப்ரீஸர் கதவு மூடும் விளிம்பு. அது வேண்டுமென்றே செய்த ஏற்பாடு. உள்ளே மைனஸ் 18 டிகிரி என்றால் கதவோர இரும்பு குளிர்ந்து, காற்றிலுள்ள ஈரம் அதில் முத்து முத்தாக வியர்க்கும், ரப்பர் பூஞ்சை பிடிக்கும். அதைத் தடுக்கச் சூடான குழாயை அந்த விளிம்பைச் சுற்றி ஒரு வட்டம் ஓடவிடுகிறார்கள்.

பயப்படுகிறவர்களுக்குச் சில குறிப்புகள். வாங்கி முதன்முதலாக ஓடவிட்ட நாளிலும், கரண்ட் போய் நேரங்கழித்து வந்த பிறகும், சாம்பாரைச் சூடோடு உள்ளே வைத்த அன்றும் பக்கவாட்டு அதிகம் சுடும். இறைக்க வேண்டிய வெப்பம் அதிகம், அவ்வளவுதான். சித்திரை, வைகாசியில் மார்கழியைவிட அதிகம் சுடும். சூடு வேறு, ஷாக் வேறு. தொட்டால் சுருக்கென்று அடித்தால் உடனே பிளக்கைப் பிடுங்கிவிட்டு எலெக்ட்ரீஷியனைக் கூப்பிட வேண்டும். வெளியே சுட்டுக்கொண்டு உள்ளே குளிராமல் கம்ப்ரசர் நிற்காமல் ஓடினாலும், வெளியே சூடே இல்லாமல் உள்ளேயும் குளிராமல் போனாலும் ஆளைக் கூப்பிடலாம். பின்னதில் கேஸ் போயிருக்க வாய்ப்புண்டு. உள்ளே நன்றாகக் குளிர்கிறது, வெளியே சுடுகிறது என்பதை மட்டும் சொல்லி ஒருவர் கம்ப்ரசரை மாற்றச் சொன்னால், இன்னொருவரிடம் கேட்டுவிட்டு முடிவெடுங்கள்.

பெட்டியின் பக்கவாட்டிலும் பின்னாலும் நாலு விரல் இடமாவது விட்டு வையுங்கள், கையேட்டில் போட்டிருக்கும் அளவு இன்னும் நல்லது. துணி போர்த்தாதீர்கள். வெயில் விழும் சுவரோரமும் அடுப்போரமும் வேண்டாம். சூட்டைக் கொட்ட இடமில்லாவிட்டால் மாடு இன்னும் பலமாக இழுக்க வேண்டும், கரண்ட் பில் ஏறும். வாங்கும்போது உள்ளே ஒட்டியிருக்கும் தகட்டில் 'டி' என்ற வகை போட்டிருக்கிறதா என்று பாருங்கள். சுற்றுப்புறம் 43 டிகிரி வரை போனாலும் வேலை செய்யத் தகுந்தது என்று அர்த்தம். 'என்' வகை 32 டிகிரியோடு நின்றுவிடும். நெல்லைக்கு எது வேண்டும் என்று சொல்ல வேண்டியதில்லை.

யார் பக்கம் கொட்டுகிறோம்

ஃப்ரிட்ஜ் கதவைத் திறந்துவைத்தால் அறை குளிருமா என்று சின்ன வயதில் எல்லோருக்கும் தோன்றியிருக்கும். குளிராது. முன்னால் எடுத்த வெப்பத்தைப் பின்னால் அதே அறையில் கொட்டுகிறது, மின்சாரத்தின் சூடு வேறு கூடுதல். கதவு மூடியிருந்தாலும் மொத்தக் கணக்கு அதேதான்: அறைக்கு மிச்சமாகச் சேர்வது அது தின்கிற மின்சாரம். ஒரு நாளைக்கு ஒரு யூனிட் என்றால் சராசரி 42 வாட். சும்மா உட்கார்ந்திருக்கும் ஓர் ஆளின் உடம்பு வெளியேற்றும் வெப்பத்தில் பாதிகூட இல்லை. ஆகவே வீட்டு வெக்கைக்கெல்லாம் ஃப்ரிட்ஜைத் திட்ட வேண்டாம். ஃப்ரிட்ஜ் ஒரு வகையில் யோக்கியமான இயந்திரம். யாருக்குக் குளிர்ச்சி தருகிறதோ அவர்கள் அறையிலேயே சூட்டையும் தருகிறது.

ஏசி அப்படியல்ல. ஒன்றரை டன் ஏசி என்கிறோமே, அந்த டன் பழைய ஐஸ் வியாபாரத்தின் மிச்சம். ஒரு டன் ஐஸ் 24 மணி நேரத்தில் உருகும்போது எவ்வளவு வெப்பத்தை இழுக்குமோ அது ஒரு டன், சுமார் 3.5 கிலோவாட். ஒன்றரை டன் என்றால் 5.3 கிலோவாட் வெப்பத்தை அறையிலிருந்து எடுத்து, தான் தின்ற மின்சாரத்தையும் சேர்த்து, முழு வேகத்தில் ஓடும்போது ஆறேழு கிலோவாட்டைத் தெருவில் கொட்டுகிறது. சில மின் அடுப்புகளைத் தெருவில் எரியவிட்ட மாதிரிதான் இல்லையா? டவுனில் ரதவீதிகளுக்குப் பின்னால் இருக்கிற நெருக்கமான சந்துகளில், ஒரு வீட்டின் வெளிப்பெட்டி எதிர்வீட்டு ஜன்னலைப் பார்த்துத்தான் மூச்சுவிட முடியும். அந்த எதிர்வீட்டில் ஏசி இல்லாமலும் இருக்கலாம்.

பானைக் காலத்தில் வெப்பம் மேகத்துக்குப் போனது. ஐஸ் கப்பல் காலத்தில் வேறொரு நாட்டின் குளிர்காலத்தில் கழிந்தது. இன்று கொட்டுகிற இடம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது. பெட்டியை வாங்குகிறவர் அதை எங்கே, யார் பக்கம் திருப்பி வைப்பது என்று யோசிக்கவும் முடியும். வெளிப்பெட்டியை மொட்டைமாடிக்கு ஏற்றலாம். வெப்பநிலையை 18இல் வைக்காமல் 26இல் வைத்து ஃபேனைச் சுழலவிட்டால், இறைக்கிற ஆழமும் குறைகிறது, கொட்டுகிற அளவும் குறைகிறது. குடிக்கிற தண்ணீருக்கு மட்டுமாவது, காய்ந்த காற்றடிக்கிற ஊரில் இருப்பவர்கள் காருகுறிச்சிப் பானை ஒன்றை வாங்கி, நிழலில், காற்றுப்படும் திண்ணையில் மணல் பரப்பி அதன்மேல் வைக்கலாம். அடுத்த கோடைக்குப் புதுப்பானை வாங்க மறக்க வேண்டாம்.